பிறந்த வீட்டுக் கோடி

17

தந்தி வந்த அன்று பலராமன் ராஜா வேஷத்தில் இருந்தான். ‘சிவப்பிரகாசம் காலமானார், உடனே வரவும்’ என்றிருந்ததைப் படித்து, மடித்து, இடுப்புக் கச்சையில் செருகிக்கொண்டு அடுத்த காட்சிக்குப் போய் நின்றான். போன வாரம் அதற்காக அவனைத் திட்டிக் கடிதம் எழுதிய வாசகிகள் கொஞ்சம் மையை மிச்சம் வைத்துக்கொள்வது நல்லது. இந்த வாரமும் தேவைப்படும்.

அக்காள் புருஷன் சாவுக்கு அவன் போகவில்லை. மறுநாள் பால் தெளிப்புக்கும் போகவில்லை. பதினாறாம் நாள் கருமாதிக்குத்தான் புறப்பட்டான்.

அதற்கும் போகாமல் இருக்க முடியாது. தாலி இழந்த பெண்ணின் தலையில் அன்றைக்கு முதலில் விழ வேண்டியது பிறந்த வீட்டுக் கோடிப் புடவை. உடன்பிறந்தவன் வந்து அதைப் போடாதவரை மற்றவர்கள் கையைக் கட்டிக்கொண்டு நிற்க வேண்டியதுதான். அக்காள் செங்கமலத்துக்கு உடன்பிறந்தவன் பலராமன் ஒருவனே. தாயும் தகப்பனும் போய், பாகூர் வீடு பூட்டிக் கிடந்தது.

அந்தப் புடவையைக்கூட அவன் வாங்கவில்லை. விழுப்புரத்தில் காரை நிறுத்தி, கடை திறக்கும்வரை காத்திருந்து வாங்கி வந்தவர் தேவநாதன். படக்கம்பெனியின் மானேஜர். துக்கம் கேட்க வந்தவர் இல்லை. புதுப் படத்துக்கு ஒன்பது பாட்டு முடிந்து ஒன்று பாக்கி நின்றது. மூன்று மாதமாகப் பலராமன் ஆர்மோனியத்தின் முன்னால் உட்கார்ந்து எழுந்ததுதான் மிச்சம். ஊருக்குப் போனால் வரும் என்று முதலாளியிடம் வாய்க்கு வந்ததைச் சொல்லி வைத்தான். சரி, கூடவே போய்ப் பாட்டை வாங்கிக்கொண்டு வா என்று முதலாளி தேவநாதனைக் காரில் ஏற்றிவிட்டார்.

“என்ன பலராம், ஏதாவது வருதா?” என்று தேவநாதன் கேட்டார். திண்டிவனத்திலிருந்து இது ஐந்தாவது தடவை.

“வரும் சார்.”

“புதுசா ஒண்ணும் வேண்டாம். உங்க ஊஞ்சல் பாட்டு மாதிரி இன்னொண்ணு. அவ்வளவுதான் முதலாளி கேக்கறது.”

உங்க ஊஞ்சல் பாட்டு. அந்த ‘உங்க’ வரும்போதெல்லாம் பலராமன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வான்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் அவனைத் தூக்கி நிறுத்திய பாட்டு அது. கதாநாயகி ஊஞ்சலில் இருக்க, அவன் பின்னாலிருந்து ஆட்டிவிட்டுப் பாடுவான்:

பால்நிலா ஊஞ்சலிலே பாவை நீ ஆடிவர
பார்க்க வந்தேன் உன்னை – மோகனாங்கி
பந்தலிட்ட சோலையிலே பக்கம் வந்து சேராயோ

‘மோகனாங்கி’ என்ற இடத்தில் குரலை உச்சிக்குக் கொண்டுபோய், மூச்சு இருக்கும்வரை வளைத்து வளைத்து இறக்குவான். கொட்டகையில் விசில் பறக்கும். நடிகனாக மட்டும் இருந்தவனைச் சங்கீதம் அமைப்பவனாக்கியது அந்த ஒரு வளைவுதான். இப்படி ஒரு மெட்டு இந்த மனிதருக்கு எங்கிருந்து வந்தது என்று பத்திரிகைகள் வியந்து எழுதின.

எங்கிருந்து வந்தது என்பது உலகத்தில் இரண்டு பேருக்குத் தெரியும். ஆறு வருஷத்துக்கு முன் ஓர் ஐப்பசி மழையில் பாகூரில் அம்மா செத்தாள். வெள்ளம் வந்து, அக்காள் வாழ்க்கைப்பட்ட செல்லிப்பட்டிலிருந்து யாரும் ஆற்றைத் தாண்டி வர முடியவில்லை. அம்மாவைப் பார்த்துக்கொள்ள முன்பே வந்திருந்த செங்கமலம் மட்டும் தலைமாட்டில் உட்கார்ந்து, அந்த நேரத்தில் தனக்கு வந்ததைச் சொல்லி அழுதாள். யாரும் சொல்லிக்கொடுத்த ஒப்பாரி இல்லை. வாசலில் மழைக்கு ஒதுங்கி நின்ற பலராமனும் அழுதான். அழுதுகொண்டே மெட்டை மனத்தில் பிடித்து வைத்துக்கொண்டான். நாலு வருஷம் கழித்து அதற்கு ஊஞ்சல் கட்டினான்.

அக்காளிடம் கேட்கவில்லை. பிறகும் சொல்லவில்லை. அவளும் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

*

மதகடிப்பட்டுச் சுங்கச் சாவடியில் கார் நின்றது. பிரெஞ்சு எல்லை அங்கேதான் ஆரம்பம். சிவப்புத் தொப்பிச் சிப்பாய் ஒருவன் உள்ளே எட்டிப் பார்த்தான். அடுத்த நிமிஷம் தொப்பியைக் கழற்றிவிட்டான்.

“அய்ய! பலராமு! தோ பாருங்கப்பா யாரு வந்திருக்காருன்னு!”

கடைகளிலிருந்து ஆட்கள் ஓடி வந்தார்கள். காரைச் சுற்றி ஒரு கும்பல். சிப்பாய் ஊஞ்சல் பாட்டை எடுத்து, உச்சி இடத்தில் தடுக்கி விழுந்தான். எல்லாரும் சிரித்தார்கள்.

“நீங்களே ஒரு தபா சொல்லிக் குடுங்க சார். ஒரே ஒரு தபா!”

வேண்டாம் என்று சொல்லியிருக்கலாம். சாவு வீட்டுக்குப் போகிறேன் என்று ஒரு வார்த்தை போதும், கும்பல் தானாக விலகியிருக்கும். ஆனால் முகம் தெரியாதவன் தன் பாட்டைத் தப்பாகப் பாடினால் பலராமனுக்குப் பொறுக்காது. ஜன்னலில் கை வைத்து, ‘மோகனாங்கி’யை ஒருமுறை இழுத்துக் காட்டினான். கை தட்டினார்கள். முகம் மலர்ந்து போய் உட்கார்ந்தான்.

கார் நகர்ந்த பிறகு பக்கத்தில் பார்த்தான். கோடிப் புடவைப் பொட்டலம் அப்படியே இருந்தது. உடம்பெல்லாம் கூசியது.

*

செல்லிப்பட்டில் அவனுக்கு முன்னால் சேதி வந்துவிட்டிருந்தது. சைக்கிளில் போன எவனோ சொல்லியிருக்கிறான்.

சிவப்பிரகாசத்தின் தம்பி மணவாளன் பந்தலுக்கு வெளியே மொட்டைத் தலையோடு நின்றான். வாங்க என்று சொல்லவில்லை.

“மதகடிப்பட்டுல கச்சேரி முடிஞ்சிதா மச்சான்? இன்னும் ரெண்டு பாட்டு பாடிட்டு வந்திருக்கலாமே. இங்க இன்னா அவசரம்?”

“விடமாட்டேன்னுட்டாங்க மச்சான்...” என்று பலராமன் இழுத்தான்.

“ஆமா, விடமாட்டாங்க. எங்களையுந்தான் விடமாட்டேங்குது உங்க பாட்டு.” மணவாளன் அவன் கையைப் பிடித்து வைக்கோல் போர்ப் பக்கமாகக் கூட்டிக்கொண்டு போனான். “உங்க அக்கா இன்னா பண்ணாங்கன்னு யாராவது சொன்னாங்களா?”

“இல்லையே.”

“அண்ணன எடுக்கப் போற நேரம். வில்லியனூரு மேளம் வந்து நிக்குது. ஊருக்குப் பெரியவரு மேர் ஐயா நிக்கிறாரு, ஊரே நிக்குது. அண்ணி தலமாட்டுல ஒக்காந்து பாட ஆரம்பிச்சாங்க. இன்னா பாட்டு தெரியுமா? உங்க ஊஞ்சல் பாட்டு.”

பலராமனுக்குக் காது அடைத்தது.

“வார்த்த வேற ஏதோ. அத யாரு கேட்டாங்க? மெட்டு அதேதான். மேர் வூட்டு கிராமபோன் பிளேட்டுல தெனம் கேக்குற மெட்டு, பச்சப் புள்ளைக்குக்கூடத் தெரியும். நாயனக்காரன் சும்மா இருப்பானா? அம்மாவுக்கு இந்தப் பாட்டுதான் புடிக்கும்போலன்னு அவனும் எடுத்து ஊதிட்டான். குடிச்சிட்டு நின்ன நாலு பேரு ஆட்டம் போட்டானுங்க. எங்க அண்ணன் ஊஞ்சல் பாட்டுல சுடுகாட்டுக்குப் போனாரு மச்சான்.”

மணவாளன் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டான்.

“அன்னிக்கு மூடின வாயி. பதினஞ்சு நாளா ஒரு பேச்சு இல்ல, ஒரு சொட்டுக் கண்ணீரு இல்ல. புருஷன் பொணத்து மேல சினிமாப் பாட்டுப் பாடினவள்னு ஊரு சிரிக்குது. எங்க பொம்பளைங்க யாரும் இன்னிக்கு அவங்களக் கட்டிக்கினு அழமாட்டோம்னுட்டாங்க. கோடியப் போட்டுட்டு, கையோட அண்ணிய பாகூருக்குக் கூட்டிக்கினு போயிடுங்க. புள்ளையா குட்டியா? இனிமே இங்க இன்னா இருக்குது அவங்களுக்கு?”

இருபத்திரண்டு வருஷம் அந்த வீட்டில் சோறாக்கி, ஆற்றங்கரைக் கரும்புக்குக் களை எடுத்து, மாமியாரைக் கடைசிவரை தூக்கி வைத்துப் பார்த்தவள். தன் பாட்டைத் தானே பாடினாள் என்பதற்காக அவளைத் துரத்துகிறார்கள்.

ஒரு வாக்கியம் சொன்னால் தீர்ந்துவிடும். அது அவள் பாட்டு, நான்தான் எடுத்துக்கொண்டேன். இதைச் சொல்லப் பலராமன் வாயைத் திறந்தான்.

பின்னால் வெற்றிலை துப்பும் சத்தம் கேட்டது. தேவநாதன் பத்தடி தள்ளி நின்றுகொண்டிருந்தார்.

“அது வந்து மச்சான்... அக்காவுக்குப் புத்தி தடுமாறிப் போயிருக்கும். துக்கத்துல ஏதோ வாய்க்கு வந்தது...” என்றான் பலராமன்.

சொல்லி முடிக்கும்போதே, தன் வாயில் தானே அறைந்துகொள்ளலாம் போலிருந்தது. சாவுக்கு வராதது ஒன்று. பாட்டைத் திருடியது ஒன்று. இப்போது அக்காளைப் பைத்தியக்காரி ஆக்கியதும் சேர்ந்தது.

“அதத்தான் ஊருலயும் சொல்றாங்க” என்று சொல்லிவிட்டு மணவாளன் நடந்தான்.

*

ஆற்றில் குளித்து அழைத்து வந்து செங்கமலத்தை முற்றத்தில் மணையில் உட்கார வைத்திருந்தார்கள். ஈரத் தலை. வெறுங்கழுத்து. வளையல் உடைத்த இடத்தில் மணிக்கட்டில் கீறல். அவளுக்கு நாற்பது வயதுதான். அன்றைக்குப் பார்த்தால் அம்மா உட்கார்ந்திருப்பது மாதிரி இருந்தது.

பலராமன் புடவையைப் பிரித்தான். மடிப்புக்குள் விழுப்புரத்துக் கடைச்சீட்டு ஒட்டிக்கொண்டிருந்தது. அதை உருவி உள்ளங்கையில் மறைத்துக்கொண்டு, புடவையை அக்காள் தலையில் போட்டான். அவள் நிமிர்ந்து ஒரு தடவை பார்த்தாள். கோபமாக இருந்தால்கூடத் தாங்கிக்கொண்டிருப்பான். எவனோ வழிப்போக்கனைப் பார்ப்பது போலப் பார்த்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டாள்.

இந்த இடத்தில் பெண்கள் ஓடி வந்து தோளோடு தோள் கட்டிக்கொண்டு உட்கார வேண்டும். அழுகை எழ வேண்டும். முற்றத்தில் முப்பது பெண்கள் இருந்தார்கள். ஒருத்தியும் அசையவில்லை. சிவப்பிரகாசத்தின் தமக்கை கலியம்மாள், அந்த வீட்டுப் பெண்களுக்கெல்லாம் பெரியவள், தூணோடு தூணாக நின்றாள். அவள் நகர்ந்தால் மற்றவர்கள் நகர்வார்கள். அவள் நகரவில்லை.

செங்கமலம் கோடிக்குள் தனியாக உட்கார்ந்திருந்தாள். வெளியே ஒரு கன்றுக்குட்டி கத்தியது. அந்தச் சத்தம் அவ்வளவு பெரிதாகக் கேட்டது.

பலராமனால் அதற்கு மேல் முடியவில்லை.

“அந்தப் பாட்டு என்னோடது இல்ல” என்றான்.

எல்லாரும் திரும்பினார்கள். தேவநாதனும்தான்.

“அது சினிமாப் பாட்டு இல்ல. எங்கம்மா செத்தப்ப அக்கா அழுத ஒப்பாரி. நான்தான் மெட்ட எடுத்துக்கினு போயி படத்துல போட்டேன். அவளக் கேக்கல. யாருகிட்டயும் சொல்லல. அவ புருஷனுக்கு அவ தன் பாட்டத்தான் பாடினா. தப்பு என்னோடது.”

சென்னையில் கற்றுக்கொண்ட பேச்செல்லாம் எங்கேயோ போய்விட்டது. பாகூர்ப் பேச்சுதான் வந்தது.

கலியம்மாள்தான் முதலில் பேசினாள்.

“நல்லாத்தான் சொல்ற தம்பி. கூடப் பொறந்தவன் அக்காவ வுட்டுக் குடுப்பானா? இத்தன நாளு இல்லாத கத, கருமாதியன்னிக்குப் பொறந்துதாக்கும்.”

“சத்தியமா சொல்றேங்க.”

“நீ ராஜா வேஷம் போட்டும் சத்தியம் பண்ற. கொட்டாயில பாத்துக்கினுதான இருக்கோம்.”

யாரோ களுக்கென்று சிரித்தார்கள். மணவாளன் முன்னால் வந்தான்.

“ஒப்பாரின்னா அதுக்கு வார்த்த இருக்குமே மச்சான். அந்த வார்த்தையப் பாடுங்க. ஊரு கேக்கட்டும்.”

ஆண்பிள்ளை ஒப்பாரி வைத்து அந்தப் பக்கத்தில் யாரும் பார்த்ததில்லை. வேஷம் கட்டி ஆடுகிறவனைக்கூட அதற்காகக் கேலி செய்வார்கள். பலராமன் பட்டு ஜிப்பாவோடு மண்தரையில் அக்காளுக்கு எதிரே உட்கார்ந்தான். கண்ணை மூடிக்கொண்டான்.

“பாகூரு ஏரியில பால்போலத் தண்ணி வர...”

பெண்கள் பேச்சை நிறுத்தினார்கள். அந்த மெட்டுக்குள் ஓர் ஏரி இருந்தது அவர்களுக்குப் புதிது.

“பாக்க வந்தேன் உன்ன...”

குரல் உச்சிக்கு ஏறியது. அந்த இடம் வந்தது. இரண்டு வருஷமாக மேடை மேடையாக இழுத்த இடம். வாய் தானாக, “மோக...” என்று ஆரம்பித்துவிட்டது.

சட்டென்று நிறுத்தினான். அடுத்த வார்த்தை வரவில்லை. மறுபடி முதலிலிருந்து எடுத்தான். மறுபடியும் அதே இடத்தில் ‘மோ’ என்றுதான் நாக்கு புரண்டது. தேடிப் பார்த்தான். மெட்டின் ஒவ்வொரு நெளிவும் நினைவில் இருக்கிறது. வார்த்தை இல்லை. மெட்டை எடுத்துக்கொண்ட அன்றைக்கே வார்த்தையைத் தூக்கி எறிந்திருந்தான்.

இந்தத் தடவை சிரிப்பு சத்தமாகவே வந்தது. “பாத்தியா, உள்ளதுதான வரும்” என்றது ஒரு குரல். பலராமன் முகத்தை இரண்டு கையாலும் மூடிக்கொண்டான். தன்னை நம்பாமல் போனதுகூடப் பரவாயில்லை. இனி அவளையும் யார் நம்பப் போகிறார்கள்?

“அம்மா.”

பதினைந்து நாளாகப் பேசாத குரல், கரகரத்துப் போயிருந்தது. கோடிப் புடவைக்குள்ளிருந்து வந்தது.

“அந்த எடத்துல அம்மான்னு வரும்டா பலராமா. வேற ஒண்ணுமே இல்ல. என்னப் பெத்த அம்மா. அதக்கூடவா மறந்துட்ட?”

செங்கமலம் கோடியைத் தலையிலிருந்து பின்னுக்குத் தள்ளிக்கொண்டு, அவன் விட்ட இடத்தில் எடுத்தாள்.

“பாக்க வந்தேன் உன்ன – என்னப் பெத்த அம்மா
பந்தலிட்ட வாசலில படுத்துக் கெடக்குறியே...”

‘அம்மா’வை அவள் இழுத்தாள். அவன் இழுத்ததில் பாதி நீளம்கூட இல்லை. வளைவு எல்லாம் அவள் மூச்சுத் திணறிய இடங்கள் என்பது அவனுக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது. முற்றத்தில் சிரிப்பு எப்போது நின்றது என்று யாருக்கும் தெரியாது.

கலியம்மாள் தூணை விட்டு வந்தாள். செங்கமலத்தின் முன் நின்று, அவள் முகத்தையே கொஞ்ச நேரம் பார்த்தாள்.

“அடிப் பாவி. அன்னிக்கே ஒரு வார்த்த சொல்லக் கூடாது?”

“சொன்னா எந்தம்பிய திருடன்னு சொல்லுவீங்களே அண்ணி.”

கலியம்மாள் தொப்பென்று உட்கார்ந்து அவள் தோளில் கையைப் போட்டாள். அவ்வளவுதான். இன்னொருத்தி வந்தாள். பிறகு எல்லாரும். மணவாளன் திரும்பி நின்று துண்டை வாயில் வைத்துக்கொண்டான். ஒரு கை கலியம்மாள் கழுத்தில் இருக்க, மற்றக் கையால் செங்கமலம் தம்பியின் தலையை இழுத்துத் தன் தோளில் சாய்த்துக்கொண்டாள். பதினைந்து நாள் கண்ணீர் அவன் ஜிப்பாவில் கொட்டியது. இப்போது அவள் புருஷனுக்காக அழ ஆரம்பித்தாள்.

“ஆத்தங்கர கொல்லையில ஆளொசரம் கரும்பு நிக்க
அறுக்க வாங்கய்யா – என்ன ஆண்ட ராசா
ஆலைக்குப் போன வண்டி ஆளில்லாம வந்துருச்சே...”

இது வேறு. மேலே போக வேண்டிய குரல் மேலே போகவில்லை. ‘ராசா’ என்ற இடத்தில் படி இறங்குவது போலக் கீழே இறங்கி, பலராமன் எங்கேயும் கேட்டிராத ஓரிடத்தில் போய் நின்று, அங்கேயே நடுங்கியது. அவனுக்கு மயிர்க்கூச்செறிந்தது.

அக்காளின் தோளுக்கு மேலாகப் பார்த்தான். பந்தல் கால் ஓரத்தில் தேவநாதன் ஒரு சின்ன நோட்டை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு, பென்சிலால் அவசர அவசரமாக எழுதிக்கொண்டிருந்தார். நிமிர்ந்தவர் கண்ணும் பலராமன் கண்ணும் சந்தித்தன. தேவநாதன் மெதுவாகத் தலையை ஆட்டினார். பாக்கி நின்ற பாட்டு கிடைத்துவிட்டது என்ற ஆட்டம்.

எழுந்து போய் அந்த நோட்டைப் பிடுங்க நாலு எட்டுப் போதும். பலராமன் எழுந்திருக்கவில்லை. கடைசி அடியை அவர் விட்டுவிடாமல் எழுதிக்கொண்டாரா என்றுதான் அவன் மனம் முதலில் பார்த்தது. வெட்கம் அதற்குப் பிறகுதான் வந்தது.